18ஆம் நூற்றாண்டு லண்டன் நாடகக் கொட்டகை: முதல்முறை நுழைகிறவர்களுக்கு ஒரு முழுமையான வழிகாட்டி

இந்த விஷயத்துக்குப் புதிதாக வருகிறவர்கள் நேராக ஒரு நாடகப் புத்தகத்தைப் பிரித்து உட்கார்ந்துவிடுவார்கள். நானும் அப்படித்தான் ஆரம்பித்தேன். கையில் கிடைத்தது காங்கிரீவ் எழுதிய ‘தி வே ஆஃப் தி வேர்ல்ட்’. யார் யாருக்கு என்ன உறவு, யார் யாருடைய சொத்துக்குக் குறிவைக்கிறார் என்று பிடிபடாமல் இரண்டாம் அங்கத்தோடு மூடிவைத்தேன். புத்தகத்தில் குற்றமில்லை, நான் போன வழிதான் தப்பு. அந்தக் கால லண்டனில் நாடகம் என்பது ஒரு முழு சாயங்காலம். அச்சில் கிடைக்கும் வசனம் அதில் ஒரு பங்குதான். கொட்டகை, விளக்கு, டிக்கெட் விலை, கூச்சல் எல்லாவற்றையும் தெரிந்துகொண்டு வசனத்துக்கு வாருங்கள்.

படி 1: கால எல்லை

‘நீண்ட 18ஆம் நூற்றாண்டு’ என்பது சரித்திரக்காரர்கள் போடும் கணக்கு. அது நூறு வருஷத்தில் அடங்காது. நாடகத்தைப் பொறுத்தவரை 1660இல் தொடங்கி 1830 வாக்கில் முடிகிறது என்று வைத்துக்கொள்ளலாம். 1642இல் பார்லிமென்ட் கொட்டகைகளை மூடியது. 1660இல் நாடு திரும்பிய மன்னர் இரண்டாம் சார்லஸ், தாமஸ் கில்லிக்ரூ, வில்லியம் டேவனன்ட் என்ற இரண்டே பேருக்கு நாடகம் போடும் உரிமையைக் கொடுத்தார். அதே வருஷம் டிசம்பரில் டெஸ்டிமோனா வேஷத்தில் ஒரு பெண் மேடையேறினார். அதுவரை லண்டன் மேடையில் ஸ்திரீபார்ட் எல்லாம் பையன்கள்தான், நம் பாய்ஸ் கம்பெனிகளைப் போல. 1677இல் ஆஃப்ரா பென் என்ற பெண்மணி எழுதிய ‘தி ரோவர்’ மேடைக்கு வந்துவிட்டது.

படி 2: ஒரு நாள் நோட்டீஸைப் படியுங்கள்

அந்தக் கால நாடக நோட்டீஸ் ஒன்றை எழுத்துக்கூட்டிப் படித்துவிட்டால் பாதிக் கிணறு தாண்டிய மாதிரி. ஆட்டம் பெரும்பாலும் மாலை 6 மணிக்கு. முதலில் வாத்தியம், பிறகு முன்னுரைக் கவிதை, அப்புறம் ஐந்து அங்க நாடகம். அங்கங்களுக்கு நடுவே நடனமோ பாட்டோ இருக்கும். சோக நாடகமாக இருந்தாலும் அப்படித்தான். எல்லாம் முடிந்தபின் ஒரு கேலிக்கூத்தோ பாண்டோமைமோ உண்டு. ஹாம்லெட் செத்த கையோடு பாண்டோமைம் கோமாளி ஹார்லிக்வின் குதித்து வருவார். ஜனங்களுக்கு அது விநோதமாகப் படவில்லை.

நோட்டீஸில் ‘இன்னாருடைய பெனிபிட்’ என்று போட்டிருந்தால், செலவு போக அன்றைய வசூல் அந்த நடிகருக்கு. நம் நாடகக் கம்பெனிகளிலும் இதே சொல் புழங்கியது. நாடகாசிரியருக்குக் கிடைப்பது மூன்றாம் நாள் வசூல். நாடகம் இரண்டாம் நாளே படுத்துவிட்டால் அவருக்குக் காலணா கிடையாது. நாடகம் தினம் மாறும், ஒரே நாடகம் நாள்கணக்கில் ஓடுவது அபூர்வம். 1728இல் ஜான் கேயின் ‘பெக்கர்ஸ் ஆப்பரா’ முதல் சீசனிலேயே 62 தடவை நடந்தது ஊரே வாய்பிளந்த சங்கதி. 1660 முதல் 1800 வரை எந்த நாளில் என்ன நாடகம் நடந்தது என்ற விவரம் ‘தி லண்டன் ஸ்டேஜ்’ என்று 11 தொகுதிகளாக வந்திருக்கிறது. எங்காவது ஒரு வாரத்தைப் பிரித்துப் பாருங்கள், நேரம் போவதே தெரியாது.

படி 3: எங்கே உட்காருவது என்று முடிவு செய்யுங்கள்

நூற்றாண்டின் நடுவில் பாக்ஸ் 5 ஷில்லிங், பிட் 3, முதல் கேலரி 2, மேல் கேலரி 1. மேடைக்கு எதிரே கீழ்த்தளத்தில் இருப்பது பிட். சாய்மானம் இல்லாத பெஞ்சுகள். சட்டம் படிக்கும் பையன்கள், பத்திரிகைக்காரர்கள், தங்களை விமர்சகர்கள் என்று நினைத்துக்கொள்பவர்கள் எல்லாம் அங்கேதான். பாக்ஸில் சீமான்கள். இடம் பிடிக்க முன்கூட்டியே வேலைக்காரரை அனுப்பி உட்காரவைப்பார்கள், எஜமான் சாவகாசமாக வருவார். மேல் கேலரியிலிருந்து ஆரஞ்சுத் தோல் பறக்கும். மூன்றாம் அங்கம் முடிந்தபின் வந்தால் பாதி விலை.

மறக்கக்கூடாத விஷயம் ஒன்று: விளக்கு அணைவதே இல்லை. நாடகம் நடக்கும்போதும் பார்வையாளர்கள் தலைக்குமேல் மெழுகுவர்த்திச் சரவிளக்குகள் எரியும். யார் யாரோடு வந்திருக்கிறார், யார் அழுகிறார், யார் கொட்டாவி விடுகிறார் என்பதெல்லாம் எல்லோருக்கும் தெரியும். நடிகர்கள் திரைச்சீலைக்கு முன்னால் நீண்டிருந்த மேடைப் பகுதிக்கு வந்து ஜனங்களுக்கு நடுவில் நின்ற மாதிரி நடித்தார்கள். மேடைமேலேயே நாற்காலி போட்டு உட்கார்ந்த கனவான்களும் உண்டு. 1762 வாக்கில்தான் நடிகர் டேவிட் காரிக் அவர்களை இறக்கிவிட்டார். இந்த வெளிச்சத்தை மனதில் ஏற்றிவைத்துக்கொண்டு படித்தால், பாத்திரங்கள் ஏன் அடிக்கடி சபையைப் பார்த்துத் தனியாகப் பேசுகின்றன என்பது விளங்கிவிடும். நடிகர்கள் ஜனங்களின் முகம் பார்த்துப் பேசுகிறார்கள்.

படி 4: 1737 என்ற வருஷம்

ஹென்றி ஃபீல்டிங் ஹேமார்க்கெட் கொட்டகையில் பிரதமர் வால்போலைக் கிழித்துத் தொங்கவிட்டுக்கொண்டிருந்தார். வால்போல் சட்டம் கொண்டுவந்தார். இனி எந்த நாடகமும் மேடையேறும் முன் லார்ட் சேம்பர்லின் என்ற அரண்மனை அதிகாரியின் அனுமதி வேண்டும். லண்டனில் வசன நாடகம் ட்ரூரி லேன், கோவென்ட் கார்டன் என்ற இரண்டு கொட்டகைகளுக்கே. ஃபீல்டிங் நாவல் பக்கம் போனார். ‘டாம் ஜோன்ஸ்’ நமக்குக் கிடைத்தது. தணிக்கை 1968 வரை நீடித்தது.

சட்டம் வந்தால் சந்தும் வருமே. குட்மன்ஸ் ஃபீல்ட்ஸ் என்ற கொட்டகையில் கச்சேரிக்கு டிக்கெட் விற்றார்கள். இடைவேளையில் நாடகம் இலவசம்! 1741 அக்டோபர் 19 அன்று அப்படி ‘இலவசமாக’ மூன்றாம் ரிச்சர்டாக நடித்த 24 வயது இளைஞர்தான் காரிக். இன்னொரு வேடிக்கை: தணிக்கைக்குப் போன கையெழுத்துப் பிரதிகளைச் சேர்த்துவைத்த ஜான் லார்பென்ட் என்ற அதிகாரியின் பெயரில் இன்று கலிபோர்னியாவின் ஹன்டிங்டன் நூலகத்தில் ஒரு புதையல் இருக்கிறது. வெட்டியவர் கையாலேயே காப்பாற்றப்பட்ட நாடகங்கள்.

படி 5: ஒரு நடிகரைப் பின்தொடருங்கள்

எல்லோரையும் தெரிந்துகொள்ள ஆசைப்படாதீர்கள். என் சிபாரிசு சாரா சிடன்ஸ். 1775இல் ட்ரூரி லேனில் தோற்று, அடுத்த வருஷம் வெளியூர்க் கொட்டகைகளுக்குப் போனார். 1782 அக்டோபரில் திரும்பி வந்தபோது அவர் நடிப்பில் ஊரே அழுதது. அந்தக் காலத்தில் நடிகர்களுக்கு முழு நாடகத்தையும் கொடுப்பதில்லை. அவரவர் வசனமும் முந்தைய வசனத்தின் கடைசிச் சொற்களும் மட்டும் எழுதிய தாள்தான் ‘பார்ட்’. நாம் ராஜபார்ட், கள்ளபார்ட் என்று சொல்கிறோமே, அந்தப் ‘பார்ட்’ இங்கிருந்து வந்ததுதான். ஒரு பார்ட் ஒருவர் கைக்குப் போனால் லேசில் திரும்பாது.

படி 6: இனி படிக்கலாம்

முதலில் கோல்ட்ஸ்மித்தின் ‘ஷி ஸ்டூப்ஸ் டு கான்கர்’ (1773). அடுத்து ஷெரிடனின் ‘தி ஸ்கூல் ஃபார் ஸ்கேண்டல்’ (1777). இரண்டும் இன்றும் சிரிக்கவைக்கும். பிறகு ‘பெக்கர்ஸ் ஆப்பரா’. நாஹம் டேட் 1681இல் திருத்திய ‘கிங் லியர்’ ரசனைப் பாடம். அதில் கோமாளி இல்லை, கார்டீலியா சாகவில்லை, எட்கரைக் கல்யாணம் செய்துகொள்கிறாள். ஒன்றரை நூற்றாண்டு லண்டன் பார்த்தது இந்த லியரைத்தான். சிரிக்காதீர்கள், சுபமாக முடியாத படத்தை நம் ஊரில் எத்தனை பேர் மன்னிக்கிறோம்?

தமிழ் வாசகர்களுக்கு ஒன்று கூடுதலாக: சாமுவேல் ஃபூட்டின் ‘தி நேபாப்’ (1772). இந்தியாவில் பணம் குவித்து ஊர் திரும்பிய ஒரு கிழக்கிந்தியக் கம்பெனிக்காரன், கடனில் மூழ்கிய குடும்பத்தின் பெண்ணைக் கேட்டு மிரட்டுவதுதான் கதை. ஆற்காட்டு நவாப்புக்கு வட்டிக்கு விட்டுக் கொழுத்த மதராஸ் ஆசாமிகளின் காலம் அது. அவர்களின் சொந்த ஊர் அவர்களை எப்படிப் பார்த்தது என்பது இதில் தெரியும். காங்கிரீவைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள்.

படி 7: ஒரு கலவரத்தில் நின்று பாருங்கள்

1808இல் கோவென்ட் கார்டன் எரிந்துபோனது. 1809 செப்டம்பர் 18 அன்று புதுக் கொட்டகை திறந்தது. நிர்வாகி ஜான் பிலிப் கெம்பிள், சிடன்ஸின் தம்பி. கட்டடச் செலவைச் சமாளிக்க பாக்ஸை 6 ஷில்லிங்கிலிருந்து 7 ஆகவும், பிட்டை மூன்றரையிலிருந்து 4 ஆகவும் உயர்த்தினார். சீமான்களுக்குத் தனி அறைகளும் கட்டினார். அன்று ‘மேக்பத்’. அக்காவும் தம்பியும் மேடையில். ஒரு சொல் யார் காதிலும் விழவில்லை. ‘பழைய விலை’ என்று பிட் முழுக்கக் கத்தியது. அடுத்த நாளும், அதற்கடுத்த நாளும் அதே கதை. கிலுகிலுப்பை, மணி, ஊதுகொம்பு, அட்டைகள், பெஞ்சுமேல் ஏறி ஆடுவதற்கென்றே ஒரு நடனம். கெம்பிள் குத்துச்சண்டை வீரர்களைக் கூலிக்குக் கொண்டுவந்தார், எரிகிற தீயில் எண்ணெய் விட்ட கதையாயிற்று. ஏறக்குறைய மூன்று மாதம் இப்படியே போனது. டிசம்பரில் கெம்பிள் இறங்கிவந்தார். பிட் பழைய விலைக்குத் திரும்பியது. அன்றிரவு பிட்டில் தூக்கிப்பிடித்த அட்டையில் ‘எங்களுக்குத் திருப்தி’ என்று எழுதியிருந்தது.