சூசன்னா என்னும் அல்லி

நம் பள்ளியின் பழைய வருகைப் பதிவேடுகளைப் புரட்டினால் பூக்கடைத் தெருவில் நடப்பது போலவே இருக்கும். மல்லிகா, செண்பகம், முல்லைக்கொடி, தாமரைச்செல்வி, பங்கஜம், குமுதா, லில்லி புஷ்பம், சிறுமலர், ரோஸ்மேரி என்று பக்கத்துக்குப் பக்கம் மணக்கும். வகுப்பில் பெயர்ச்சொல் நடத்தும்போது இப்பெயர்களுக்குப் பொருள் சொல்வது என் வழக்கம். மல்லிகாவும் செண்பகமும் மகிழ்ந்து போவார்கள். சூசன்னா என்றோ சூசன் என்றோ பெயருள்ள பிள்ளை மட்டும், "டீச்சர், எனக்குப் பொருள் ஒன்றும் கிடையாதா? என் பெயர் வெறும் வெள்ளைக்காரப் பெயர்தானா?" என்று கேட்பாள். ஓர் ஆண்டில் இல்லாவிட்டால் மறு ஆண்டில் யாராவது ஒருத்தி கேட்டே தீருவாள். தன் பெயர் தன் மண்ணுக்கு அந்நியம் என்று ஒரு பிள்ளை நினைத்துக்கொண்டு வளர்வது சிறிய காரியமன்று. ஆகவே இந்த ஆண்டு மலரில் அந்தப் பெயரையே எடுத்துக்கொண்டேன்.

பெயர்களின் பிறப்பை ஆராயப் புகுமுன் ஓர் எச்சரிக்கை அவசியம். ஓசை ஒத்திருந்தால் உறவும் இருக்கும் என்று நம்பிவிடக் கூடாது. இதற்கு நம் ஊரே நல்ல சான்று. கடலூரில் உள்ள திருப்பாதிரிப்புலியூருக்குப் பெயர் தந்தது பாதிரி மரம். அங்குள்ள பாடலீசுவரர் கோயிலின் தலமரமும் அதுவே. பாதிரியை வடமொழியார் பாடலம் என்றும் பாடலி என்றும் சொல்வர். கங்கைக் கரையில் இருந்த பாடலிபுத்திரம் பெயர் பெற்றதும் இம்மலராலேயே என்பர். ஆனால் ஞாயிறுதோறும் நாம் காணும் பாதிரியாருக்கும் இந்த மரத்துக்கும் எள்ளளவும் உறவில்லை. அந்தச் சொல் போர்த்துக்கீசியர் கொண்டுவந்த 'பாத்ரே'. தந்தை என்பது அதன் பொருள். இது தெரியாமல் பாதிரியார் ஒருவர் வந்து தங்கியதால் ஊருக்கு அந்தப் பெயர் வந்தது என்று ஒரு பிள்ளை தேர்வுத் தாளில் எழுதிவைத்தாள். கற்பனைக்கு மதிப்பெண் உண்டென்றால் முழு மதிப்பெண்ணே தந்திருப்பேன்!

சிதம்பரத்திலிருந்து வந்து விடுதியில் தங்கிப் படிக்கும் பிள்ளைகள், பெயருக்குள் மரம் இருக்கும் என்பதை நன்கு அறிவார்கள். தில்லை என்னும் அவர்கள் ஊரின் பழம்பெயர், பிச்சாவரத்து உப்பங்கழியில் இன்றும் நிற்கின்ற ஒரு மரத்தின் பெயரல்லவா? கபிலர் பாடிய குறிஞ்சிப்பாட்டில் வரும் நீண்ட பூவரிசையில் பாதிரியும் உண்டு, தில்லையும் உண்டு. அவற்றோடு ஆம்பலும் உண்டு. இந்த ஆம்பலை மறவாமல் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

மேல்நாட்டுப் பெயர்களிலும் இந்த ஓசை மயக்கம் நிறைய உண்டு. ரோஸ்மேரி என்றால் ரோசாவும் மரியாளும் சேர்ந்தது என்றே நாம் எண்ணுகிறோம். உண்மையில் அது ஒரு வாசனைச் செடியின் பெயர். இலத்தீனில் 'கடற்பனி' என்று பொருள்படும் சொற்களிலிருந்து வந்தது. ஆயினும் மாதாவை நினைத்துத்தான் பெற்றோர் அப்பெயரை இட்டார்கள் என்றால், அந்தப் பொருளையும் தள்ளிவிட முடியாது என்பது என் கருத்து. லில்லி என்பதும் அல்லி என்பதும் இரட்டைப் பிள்ளைகள் போல் ஒலிக்கின்றன; ஆனால் லில்லி இலத்தீன் 'லிலியும்' வழி வந்தது, அல்லி நம் தமிழ். இரண்டுக்கும் வேர் வேறு. அவ்வாறே சூசை என்பதன் பெண்பால்தான் சூசன்னா என்று நம் வீடுகளில் பலர் நினைக்கிறார்கள். சூசை, யோசேப்பு என்னும் பெயரின் போர்த்துக்கீசிய உச்சரிப்பு தமிழ் நாவில் பெற்ற வடிவம். சூசையம்மாள் யோசேப்பின் பெயரைத் தாங்கியவள். சூசன்னாவின் வழி வேறு.

சூசன்னா எபிரேயப் பெயர். எபிரேயத்தில் 'ஷோஷன்னா' என்பர். அது கிரேக்கத்தில் 'சூசன்னா' ஆகி, இலத்தீனுக்குப் போய், ஐரோப்பிய மொழிகளில் சூசன், சூசான், சூசானா என்று பல உருக்கொண்டது. கேரளத்துச் சிரியன் கிறிஸ்தவர் வீடுகளில் அழைக்கப்படும் சோசாம்மாவும் இவளே. அரபு மொழியில் 'சவ்சன்' என்னும் பூப்பெயர் பெண்பெயராகவும் வழங்குகிறது. எல்லாவற்றுக்கும் அகராதிகள் தரும் பொருள் ஒன்றே: லீலி மலர்.

திருவிவிலியத்தில் இப்பெயருடையவர் இருவர். ஒருவர், லூக்கா நற்செய்தி எட்டாம் அதிகாரத்தில், மகதலா மரியா, யோவன்னா ஆகியோருடன் சேர்ந்து தம் உடைமைகளால் இயேசுவுக்கும் சீடருக்கும் பணிவிடை செய்த சூசன்னா. அவரைப் பற்றி அந்த ஒரு வரிக்கு மேல் ஒன்றும் இல்லை. மற்றவர் தானியேல் நூல் பதின்மூன்றாம் அதிகாரத்துச் சூசன்னா. கத்தோலிக்கத் திருவிவிலியத்தில் உள்ள இப்பகுதி புரட்டஸ்தாந்து சபையார் பயன்படுத்தும் பதிப்புகளின் தானியேல் நூலில் இராது. ஆகவே அந்தச் சபையைச் சேர்ந்த உங்கள் தோழியருக்கு இக்கதை புதிதாக இருக்கலாம்.

பாபிலோனில் யோவாக்கிம் என்னும் செல்வரின் மனைவி சூசன்னா. அவர்கள் வீட்டை ஒட்டி ஒரு தோட்டம். மக்களுக்கு நீதி வழங்கும் முதியோர் இருவர் அந்த வீட்டுக்கு வந்து போகிறவர்கள். ஒரு நாள் அவள் தோட்டத்தில் நீராட வந்தபோது மறைந்திருந்த அந்த இருவரும் வெளிப்பட்டு, தங்கள் விருப்பத்துக்கு இணங்காவிட்டால் ஓர் இளைஞனோடு அவளைக் கண்டதாகச் சாட்சி சொல்வோம் என்று மிரட்டினார்கள். இணங்கினால் பாவம்; மறுத்தால் சாவு. அவள் மறுத்தாள். மறுநாள் சபை கூடியது. நீதிபதிகளே சாட்சிகள்! அவள் சொல் எடுபடுமா? கொலைத் தண்டனை தீர்ப்பாயிற்று. அவள் கடவுளை நோக்கி உரக்கக் கூவினாள். அப்போது தானியேல் என்னும் இளைஞர் எழுந்து, விசாரிக்காமலா ஒரு பெண்ணைத் தண்டிப்பது என்று கூட்டத்தைத் தடுத்தார். முதியோரைத் தனித்தனியே பிரித்து வைத்தார். எந்த மரத்தடியில் அவர்களைக் கண்டீர் என்று ஒரே கேள்வியை இருவரிடமும் கேட்டார். ஒருவர் பிசின் வடியும் ஒரு சிறு மரத்தைச் சொன்னார். மற்றவர் கருவாலி மரத்தைச் சொன்னார். பொய் அவிழ்ந்தது.

இங்கே மொழி பயில்வோர் கவனிக்க வேண்டிய செய்தி ஒன்று உண்டு. கிரேக்கத்தில் அந்த இரு மரங்களின் பெயர்களும், பிளத்தல், அறுத்தல் என்று பொருள்படும் இரு வினைச்சொற்களோடு ஓசை ஒத்தவை. தானியேல் ஒவ்வொரு பொய்யனுக்கும் அவன் சொன்ன மரத்தின் பெயரை வைத்தே தண்டனையையும் சொல்கிறார். இந்தச் சிலேடையைக் காட்டி, இக்கதை முதலிலேயே கிரேக்கத்தில்தான் எழுதப்பட்டிருக்க வேண்டும் என்று மூன்றாம் நூற்றாண்டில் ஆப்பிரிக்கானுஸ் என்னும் அறிஞர் ஒரிஜனுக்குக் கடிதம் எழுதினார். ஒரிஜன் நீண்ட மறுமொழி எழுதினார். ஒரு சிலேடைக்காக இரு பேரறிஞர் வாதிட்டது தமிழ் படிக்கும் நமக்கு வியப்பாக இராது. காளமேகத்தின் நாட்டில் பிறந்தவர்கள் அல்லவா நாம்!

உரோமைக் கிறிஸ்தவர் வேதகலாபனைக் காலத்தில் சூசன்னாவைத் தம் இனத்தாளாகவே கண்டார்கள். பிரீடெக்ஸ்தாத்துஸ் நிலவறைக் கல்லறையில் இரு ஓநாய்களுக்கு நடுவே நிற்கும் ஓர் ஆட்டுக்குட்டியாக அவளைத் தீட்டியிருக்கிறார்கள். ஆட்டின் மேல் 'சூசன்னா' என்றும், ஓநாயின் மேல் 'முதியோர்' என்றும் பெயர் பொறித்திருக்கிறார்கள். இன்றும் தவக்காலம் ஐந்தாம் வாரத் திங்கட்கிழமைத் திருப்பலியில் இப்பகுதியே முதல் வாசகம். பிற்காலத்தில் உரோமையில் வாழ்ந்த சூசன்னா என்னும் வேதசாட்சியின் திருநாள் ஆகஸ்டு 11. பெயர்விழா கொண்டாடும் பிள்ளைகள் குறித்துக்கொள்ளலாம்.

இனி மலருக்கு வருவோம். லீலி என்றதும் நம் மனத்தில் எழுவது, சூசையப்பர் சுரூபத்திலும் அந்தோணியார் சுரூபத்திலும் கையிலிருக்கும் வெண்மலர்தான். கபிரியேல் தூதர் மரியாளுக்கு மங்களச் செய்தி சொல்லும் ஓவியங்களிலும் அதுவே. அந்த வெண்லீலி நம் கடற்கரைச் சமவெளியில் வளர்வதன்று. சுரூபத்தில் பார்த்ததோடு சரி. அப்படியானால் சூசன்னா கண்காணாத பூவின் பெயர்தானா?

இங்கேதான் எகிப்து குறுக்கே வருகிறது. எபிரேயத்து 'ஷோஷன்னா' பழைய எகிப்திய மொழியிலிருந்து வந்த சொல் என்று மொழி நூலார் கூறுகின்றனர். எகிப்தியர் தம் சித்திர எழுத்தில் உயிரொலிகளை எழுதுவதில்லை; மெய்களை வைத்து அச்சொல்லை ஏறத்தாழ 'செஷென்' என்று படிக்கிறார்கள். அது குறித்த பூ தரையில் பூப்பதன்று, நீரில் பூப்பது. நைல் நதிக்கரையில் பூத்த நீல அல்லியும் வெள்ளை அல்லியுமே அவை. 1922ஆம் ஆண்டில் கண்டெடுக்கப்பட்ட துத்தன்காமன் அரசனின் கல்லறையில், அவன் சவப்பெட்டி மேல் இட்டிருந்த மலர்க் கழுத்தணியில் நீல அல்லி இதழ்கள் இருந்தன. மூவாயிரம் ஆண்டுக்கு மேற்பட்ட பூ!

அச்சொல் இஸ்ரயேலருக்குச் சென்றபோது எந்தப் பூவைக் குறித்தது என்பதில் கருத்து வேறுபாடு உண்டு. எனினும் அரசர் முதல் நூல் ஏழாம் அதிகாரத்தை எடுத்துப் பாருங்கள். சாலமோன் கட்டிய ஆலயத்தின் இரு பெருந்தூண்களின் தலைப்பு 'ஷூஷன்' வேலைப்பாடு உடையது என்று சொல்லப்படுகிறது. எகிப்தின் தூண் தலைப்புகளில் அல்லி மொட்டும் அல்லிப் பூவும் செதுக்குவது பழைய வழக்கம். ஆகவே சாலமோனின் தூணில் மலர்ந்ததும் அதே நீர்ப்பூவாக இருக்கலாம் என்று ஆராய்ச்சியாளர் பலர் கருதுகின்றனர். எகிப்திய நீல அல்லியை இன்றைய தாவரவியலார் பலர், நம் நாட்டுக் குளங்களில் பூக்கும் நீல அல்லியின் இனத்திலேயே சேர்த்து, அதன் ஒரு வகை என்கிறார்கள். அந்த நீல அல்லியே இலங்கையின் தேசிய மலர்.

ஆக, லில்லி என்பதும் அல்லி என்பதும் ஓசையில் ஒன்று, உறவில் இல்லை. சூசன்னா என்பதும் அல்லி என்பதும் ஓசையில் ஒட்டவே ஒட்டாது. வேரைத் தோண்டிப் பார்த்தால் ஒரே குளத்துப் பூ.

அல்லியைப் பழந்தமிழர் ஆம்பல் என்றார்கள். குறிஞ்சிப்பாட்டில் நினைவில் வைக்கச் சொன்னேனே, அது இதுதான். வடமொழியில் குமுதம். (குமுதம் என்றதும் வார இதழ்தான் உங்கள் அம்மாவுக்கு நினைவு வரும், அதன் பெயரும் இப்பூவே.) சங்ககாலத்து இளம்பெண்கள் ஆம்பலைத் தழையாடையாகத் தொடுத்து உடுத்தினார்கள். அதே ஆம்பலின் விதை, அல்லியரிசி என்னும் பெயரில் ஏழையின் உணவாகவும் இருந்தது. புறநானூற்றின் 248ஆம் பாட்டில், கணவனை இழந்த பெண் ஒருத்தி இதையே நினைத்து வருந்துகிறாள். இளமையில் தனக்கு ஆடையாய் இருந்த ஆம்பல், இப்போது வேளை தவறி உண்ணும் சோறாகிவிட்டதே என்கிறாள். பாடியவர் ஒக்கூர் மாசாத்தனார். மலரை அழகுக்கு மட்டும் உவமை சொல்லிப் பழகிய நமக்கு இப்பாட்டு ஓர் அடி கொடுக்கும். பாபிலோன் தோட்டத்துச் சூசன்னாவையும் இந்த ஆம்பற் பெண்ணையும் என்னால் பிரித்து நினைக்க முடிவதில்லை. சட்டமும் வழக்கமும் தம்மை நசுக்கியபோது இருவரும் வாய்திறந்து சொன்னார்கள். அதனால்தான் இன்று நாம் படிக்கிறோம்.

சிதம்பரத்துக்குத் தெற்கே கொள்ளிடம் கடந்தால், சீர்காழிப் பக்கம் திருவெள்ளக்குளம் என்னும் ஊர் இருக்கிறது. திருமங்கையாழ்வாரின் துணைவி குமுதவல்லி, அவ்வூர்க் குளத்தில் குமுத மலரிடையே குழந்தையாகக் கண்டெடுக்கப்பட்டு, ஒரு வைத்தியர் வீட்டில் வளர்ந்தவள் என்பது வைணவர் மரபு. அல்லியரசாணி மாலை என்னும் கதைப்பாட்டின் தலைவியோ மதுரையை ஆண்ட வீராங்கனை. அல்லி ராஜ்யம் என்று வீடுகளில் கேலி பேசுவது அவளை வைத்துத்தான்.

அயல்மொழிப் பெயரின் பொருளைத் தேடித் தமிழில் சொல்வது புதிய வேலை அன்று. நம் கடலூர் மாவட்டத்தில், விருத்தாசலத்தை அடுத்த கோணான்குப்பத்தில் பெரியநாயகி அன்னைக்கு ஆலயம் எழுப்பிய வீரமாமுனிவர் (1680-1747) அதை நமக்கு முன்பே செய்து காட்டியவர். இத்தாலி நாட்டில் பிறந்த அவர் பெயர் கான்ஸ்டன்டைன் ஜோசப் பெஸ்கி. முதற்பெயரின் பொருளைத் தழுவித் தைரியநாதர் என்று தமக்கே தமிழ்நாட்டு வழக்கில் பெயரிட்டுக்கொண்டார். தேம்பாவணியில் யோசேப்பை 'வளன்' என்றார். பெருகச் செய்தல் என்னும் எபிரேயப் பொருளை அந்த மூன்றெழுத்து அப்படியே தாங்குகிறது. கடவுள் இரக்கமுள்ளவர் என்று பொருள்படும் யோவான் அவர் கையில் 'கருணையன்' ஆனார். தேம்பாவணி என்பதற்கே வாடாத மாலை என்றும் பொருள் கொள்வர். அவர் வழியில் சூசன்னாவைத் தமிழாக்கினால் எப்படி இருக்கும்? அல்லி என்று சொல்லலாம், ஆம்பல் என்று சொல்லலாம், குமுதவல்லி என்றும் சொல்லலாம். நான் ஆம்பலையே தேர்வேன். உங்கள் விருப்பத்தை எழுதி எனக்குத் தாருங்கள்.

பூவை நேரில் பார்க்க விரும்புகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. மழைக்காலத்துக்குப் பின் சிதம்பரம் பக்கத்து வாய்க்கால்களிலும் ஊர்க் குட்டைகளிலும் தேடுங்கள். தாமரையின் இலை பிளவில்லாத வட்டமாய், நீருக்கு மேலே எழுந்து நிற்கும். அல்லியின் இலை நீரிலேயே படிந்து, காம்பு சேருமிடம் வரை ஒரு பிளவு பிளந்திருக்கும். வெள்ளை அல்லி இரவில் மலர்வது. வெயில் ஏறுமுன் போனால்தான் காணலாம். நீல அல்லி பகலில் மலர்வது, அதற்கு அவசரமில்லை. பெரியவர் துணையின்றிக் குளத்தில் இறங்க வேண்டாம். காம்பு சேற்றுக்குள் நெடுந்தூரம் போகும்.