ஒட்டுக்கேட்ட அதிகாரியின் முகம்

கேள்வி: 'தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்' என்ற ஜெர்மன் படம் பார்த்தேன். பரணில் உட்கார்ந்து ஒட்டுக்கேட்கும் அந்த அதிகாரி, முகத்தை அசைக்காமலே என்னை அழவைத்துவிட்டார். பிறகு வேறு எந்தப் படத்திலும் அவரைக் காணோமே? ஒரே படத்தோடு நின்றுபோனவரா?

பதில்: இல்லை. படம் 2006இல் வந்தது. 2007 ஜூலையில், 54 வயதில், வயிற்றுப் புற்றுநோயால் அவர் இறந்துவிட்டார். அதனால் அந்தப் படத்துக்குப் பின்னால் தேடினால் அதிகம் கிடைக்காது. முன்னால் தேடுங்கள், மலைத்துப்போவீர்கள்.

பெயர் உல்ரிஷ் மூஹே. கிழக்கு ஜெர்மனியில் கிரிம்மா என்ற சிற்றூரில் 1953இல் பிறந்தவர். முதலில் கட்டட வேலை பழகினார். கட்டாய ராணுவ சேவையில் அவரைக் காவலுக்கு நிறுத்திய இடம் பெர்லின் சுவர். அங்கேயே வயிற்றுப்புண் வந்து படுத்தியது. அதன்பிறகுதான் லைப்சிக் நகரில் நடிப்பு படித்தார்.

அவரை வளர்த்தது மேடை. நாடகாசிரியர் ஹைனர் முல்லர் அவரைக் கிழக்கு பெர்லினுக்கு அழைத்துவந்தார். 1983 முதல் 'டாய்ச்சஸ் தியேட்டர்' அரங்கின் முக்கிய நடிகர். 1989 நவம்பர் 4ஆம் தேதி அலெக்சாண்டர் சதுக்கத்தில் லட்சக்கணக்கானோர் ஆட்சியை எதிர்த்துத் திரண்டார்களே, அதை ஏற்பாடு செய்தவர்கள் நாடகக் கலைஞர்கள். மூஹே அங்கே மேடையேறிப் பேசினார். ஐந்தே நாளில் சுவர் திறந்தது. அப்போது ஒத்திகையில் இருந்த முல்லரின் 'ஹாம்லெட்' 1990இல் அரங்கேறியபோது, அவர்கள் ஒத்திகையைத் தொடங்கிய நாட்டின் ஆட்சியே சரிந்திருந்தது. ஹாம்லெட்டாக நின்றவர் மூஹே.

நீங்கள் பார்த்த உளவு அதிகாரி வீஸ்லரின் முகம் இந்த வாழ்க்கையிலிருந்து வந்தது. அந்த வேடத்துக்கு எப்படித் தயாரானீர்கள் என்று கேட்டவர்களிடம், நினைவுபடுத்திக்கொண்டேன் என்பதுதான் அவருடைய பதில். மின்தூக்கிக் காட்சியை மறுபடி பாருங்கள். பந்தோடு ஏறும் சிறுவன், நீங்கள் உளவுத் துறையா என்கிறான். அவர்கள் ஆட்களைச் சிறையில் போடும் கெட்டவர்கள் என்று அப்பா சொன்னதாகவும் சொல்கிறான். வீஸ்லரின் வாய் பழக்கத்தில் பெயரைக் கேட்கத் தொடங்குகிறது. அப்பாவின் பெயரைத்தான். பாதியில் நிறுத்துகிறார். பிறகு, உன் பந்தின் பெயர் என்ன என்று முடிக்கிறார். ஒரு மனிதன் மாறிவிட்டான் என்பதை அந்த ஒரு தயக்கத்தில் சொல்லிவிட்டார். எனக்குப் படத்தின் உச்சம் இதுதான். எல்லோரும் பேசும் இறுதிக் காட்சிகூட இதற்கு அடுத்தபடிதான்.

ஆஸ்கர் அந்தப் படத்துக்குக் கிடைத்தது. ஐரோப்பியத் திரைப்பட விருதும் ஜெர்மன் திரைப்பட விருதும் சிறந்த நடிகர் என்று அவருக்கே கிடைத்தன.

உலகம் அவரை அப்போதுதான் பார்த்தது. ஆனால் ஜெர்மன் வீடுகளுக்கு அவர் பழகிய முகம். 1998 முதல் சுமார் பத்து ஆண்டுகள் 'டேர் லெட்ஸ்டே சொய்கே' என்ற தொலைக்காட்சித் தொடரில் பிரேதப் பரிசோதனை மருத்துவர் கோல்மாராக வந்தார். சின்னத்திரை என்று அதை ஒதுக்கிவிடக் கூடாது. தொடர் நடிகனுக்கு வேண்டியது சத்தமில்லாமல் கவனிக்கும் கலை. ஒட்டுக்கேட்பவனின் பொறுமைக்கும் அது நல்ல பயிற்சி என்று நினைக்கிறேன்.

குணச்சித்திர நடிகர் என்ற பெயருக்கு அவர் எவ்வளவு தகுதியானவர் என்பது இயக்குநர் மிஷாயேல் ஹானக்கேயின் படங்களில் தெரியும். 'பென்னிஸ் வீடியோ'வில் (1992) மகன் ஒரு பெண்ணைக் கொன்றுவிட்டான் என்று தெரிந்ததும், அப்பாவாக வரும் மூஹே நிதானமாகக் கணக்குப் போடுகிறார்: போலீசுக்குச் சொன்னால் என்ன, சொல்லாவிட்டால் என்ன, உடலை என்ன செய்வது. குரல் ஏறுவதே இல்லை. அந்த நிதானம்தான் பயங்கரம். 'ஃபன்னி கேம்ஸ்' (1997) படத்தில் கால் உடைந்து, எதுவும் செய்ய இயலாமல் கிடக்கும் குடும்பத் தலைவர். மனைவியாக நடித்தவர் அவருடைய மனைவி சூசனே லோதார்.

'பென்னிஸ் வீடியோ'விலிருந்து தொடங்குங்கள். 'ஃபன்னி கேம்ஸ்' மனத்தை ரொம்பவும் வதைக்கும், தனியாக உட்கார்ந்து பார்க்க வேண்டாம். டப்பிங் கிடைத்தாலும் எடுக்காதீர்கள், ஜெர்மன் ஒலியோடு சப்டைட்டில் வைத்துப் பாருங்கள். அந்த முகம் மறைப்பதில் பாதியை அவருடைய மெல்லிய குரல்தான் சொல்லும்.