கோட்டுக்கு முன்னால் தேதி

நான் கிராம சுகாதாரச் செவிலியர். துணை சுகாதார நிலையத்தில் கர்ப்பப் பரிசோதனை கிட் கேட்டு வருகிறவர்களில் பலர், மெடிக்கலில் ஒன்று வாங்கி வீட்டில் பார்த்துவிட்டுத்தான் வருவார்கள். "ஒரு கோடுதான் வந்துச்சு சிஸ்டர், ஆனா நாள் தள்ளியே போகுது" என்பார்கள். "ரெண்டாவது கோடு லேசா இருக்கு, இது கணக்கா இல்லையா?" என்று போனில் படம் எடுத்துவந்து காட்டுவார்கள். எல்லாரிடமும் நான் முதலில் கேட்பது ஒன்றுதான்: கடைசி மாதவிடாய் எந்தத் தேதியில் தொடங்கியது? அந்தத் தேதி தெரியாமல் கோட்டை வைத்து ஒன்றும் சொல்ல முடியாது.

கரு கர்ப்பப்பையில் பதிந்த பிறகுதான் எச்.சி.ஜி. என்ற ஹார்மோன் உடம்பில் சுரக்கத் தொடங்கும். சினைமுட்டை வெளிவந்து கரு பதிய ஏறக்குறைய 6 முதல் 10 நாள் ஆகும். ஆரம்ப வாரங்களில் இந்த ஹார்மோன் இரண்டு மூன்று நாளுக்கு ஒருமுறை இரட்டிப்பாகும். கிட் கண்டுபிடிப்பது இதைத்தான். மாதவிடாய் வரவேண்டிய நாளுக்கு முன்பே பார்த்தால், கரு தங்கியிருந்தும் ஒரு கோடு மட்டும் வரலாம். புதிதாகக் கல்யாணமான பெண்களிடம், "மாமியார் கேட்டாலும் சரி, நாள் தள்ளிப்போகும் வரை பொறுங்கம்மா" என்று சொல்லிவிடுவேன். தள்ளிப்போன மறுநாளே பார்க்கலாம். சில நாள் பொறுத்துப் பார்த்தால் முடிவு இன்னும் தெளிவாக இருக்கும்.

பி.சி.ஓ.டி. இருப்பவர்களுக்கும் பால் கொடுக்கும் தாய்மார்களுக்கும் மாதவிடாய்க் கணக்கு உதவாது. அவர்கள் கடைசியாக உறவு கொண்ட நாளிலிருந்து 21 நாள் கழித்துப் பார்க்க வேண்டும்.

பரிசோதிக்கும்போது

காலையில் எழுந்ததும் போகும் முதல் சிறுநீரை எடுங்கள். இரவு முழுவதும் தேங்கியிருப்பதால் ஹார்மோன் அதில் அடர்த்தியாக இருக்கும். சிறுநீர் வரவேண்டும் என்று செம்பு செம்பாகத் தண்ணீர் குடித்தால் அது நீர்த்துப்போகும். சோப்பு படாத, உலர்ந்த சின்னக் கிண்ணத்தில் பிடியுங்கள்.

உறையைப் பிரிக்கும் முன் காலாவதித் தேதியைப் பாருங்கள். பிரித்ததும் உடனே பயன்படுத்துங்கள். திறந்து வைத்தால் ஈரக்காற்று பட்டுக் கெட்டுவிடும். கிட்டைச் சமதரையில் வைத்து, கூடவே வரும் சொட்டுக் குழாயால் உறையில் சொல்லியிருக்கும் அளவு விடுங்கள். பெரும்பாலான கிட்டுகளுக்கு மூன்று சொட்டு. சொட்டு கூடினால் முடிவு சீக்கிரம் வராது, கோடுதான் கலங்கிப்போகும்.

கைக்கடிகாரத்தையோ போனையோ பார்த்து ஐந்து நிமிடம் காத்திருங்கள். குப்பையில் போட்ட கிட்டை மதியம் எடுத்துப் பார்த்துவிட்டு, "இப்ப ரெண்டு கோடு தெரியுது" என்று ஓடிவருகிறவர்கள் உண்டு. சிறுநீர் உலர்ந்த பிறகு சாம்பல் நிறத்தில் ஒரு தடம் விழுவது வழக்கம். அது முடிவாகாது. உறையில் போட்டிருக்கும் நேரத்துக்குள் தெரிவது மட்டுமே கணக்கு.

உப்பு, சர்க்கரை, டூத்பேஸ்ட் போட்டுப் பார்க்கும் வீடியோக்களை நம்பி நாளை வீணாக்காதீர்கள். அவற்றால் எச்.சி.ஜி.யைக் கண்டுபிடிக்க முடியாது.

கோட்டைப் படிக்கும்போது

கிட்டில் சி, டி என்று இரண்டு இடங்கள் குறித்திருக்கும். சி-யில் கோடு வரவில்லை என்றால் கிட் வேலை செய்யவில்லை. டி-யில் என்ன தெரிந்தாலும் புதிதாக ஒன்று எடுங்கள். சி, டி இரண்டிலும் கோடு வந்தால் பாசிட்டிவ். நேரத்துக்குள் நிறத்தோடு தெரியும் கோடு எவ்வளவு மங்கலாக இருந்தாலும் பாசிட்டிவ்தான். ஆரம்ப நாள் என்பதால் ஹார்மோன் குறைவாக இருக்கும். இரண்டு மூன்று நாள் கழித்துப் பார்த்தால் அழுத்தமாகத் தெரியும்.

சி-யில் மட்டும் கோடு வந்து, மாதவிடாயும் வரவில்லை என்றால் மூன்று நாள் கழித்தோ, ஒரு வாரத்திலோ மறுபடி பாருங்கள். அப்போதும் ஒரு கோடுதான் என்றால் டாக்டரிடம் போங்கள். தைராய்டு, உடல் எடை, மனஉளைச்சல் என்று நாள் தள்ளிப்போக வேறு காரணங்களும் உண்டு.

காய்ச்சல் மாத்திரையோ கருத்தடை மாத்திரையோ முடிவை மாற்றாது. ஆனால் குழந்தைப்பேறு சிகிச்சையில் எச்.சி.ஜி. ஊசி போட்டிருந்தாலும், சமீபத்தில் கருக்கலைந்திருந்தாலும், கர்ப்பம் இல்லாமலே இரண்டாவது கோடு வரலாம். அவர்கள் டாக்டர் சொல்லும் நாளில்தான் பார்க்க வேண்டும்.

முடிவுக்குப் பிறகு

கரு எங்கே தங்கியிருக்கிறது என்று கிட் சொல்லாது. கருக்குழாயில் தங்கினாலும் இரண்டு கோடு வரும். அடிவயிற்றில், அதுவும் ஒரு பக்கமாகக் கடும் வலி, ரத்தக்கசிவு, தோள்பட்டை வலி, மயக்கம் என்று எது வந்தாலும் காலை வரை காத்திருக்காமல் 108-ஐ அழையுங்கள். கருக்குழாய் வெடித்தால் உயிருக்கே ஆபத்து.

நல்லபடியாகத் தங்கியிருந்தால், "மூணு மாசம் ஆகட்டும், அப்புறம் வெளியே சொல்லலாம்" என்று வீட்டில் சொல்வார்கள். ஊருக்குச் சொல்வதைத் தள்ளிப்போடுங்கள். செவிலியரிடம் சொல்வதைத் தள்ளிப்போடாதீர்கள். குழந்தையின் மூளையும் தண்டுவடமும் உருவாகும் குழல், கருத்தரித்து நான்கு வாரத்துக்குள் மூடிவிடுகிறது. தினமும் 400 மைக்ரோகிராம் ஃபோலிக் அமிலம் தேவைப்படுவது அதனால்தான். கர்ப்பத்துக்குத் திட்டமிடும்போதே அதைத் தொடங்குவது நல்லது. பிக்மி எனும் அரசின் கர்ப்பப் பதிவையும் 12 வாரத்துக்குள் முடித்துவிடுங்கள்.

குழந்தை இப்போது வேண்டாம் என்று நினைக்கும் பெண்ணுக்கும் இதே அக்கறை உரியது. சட்டம் வகுத்த காரணங்களுக்கு உட்பட்டு, 20 வாரம் வரை ஒரு டாக்டரின் ஒப்புதலோடு அங்கீகரிக்கப்பட்ட மருத்துவமனையில் கருக்கலைப்பு செய்துகொள்ளலாம். வயது வந்த பெண்ணுக்குக் கணவரின் கையெழுத்து தேவையில்லை. கடையில் யாருக்கும் தெரியாமல் மாத்திரை வாங்கி விழுங்கிவிட்டு, ரத்தம் நிற்காமல் வந்த பெண்களைப் பார்த்திருக்கிறேன். எத்தனை வாரம், கரு எங்கே இருக்கிறது என்று டாக்டர் பார்க்காமல் அந்த மாத்திரையைத் தொடக்கூடாது.

வயிற்றில் இருக்கும் கருவின் வயதைக் கடைசி மாதவிடாய் தொடங்கிய அந்தத் தேதியிலிருந்துதான் எண்ணத் தொடங்குவோம்; பிரசவத் தேதியும் அதிலிருந்து 280 நாள். ஆகவே ஒவ்வொரு மாதமும் மாதவிடாய் தொடங்கும் முதல் நாளைக் காலண்டரில் குறித்துவையுங்கள். வயதுக்கு வந்த மகளுக்கும் அதைப் பழக்குங்கள்.