கோட்டுக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும்: உழவருக்கான கூட்டாட்சிக் கணக்கு



திருத்தணியிலிருந்து திருப்பதி சாலையில் வடக்கே கொஞ்ச தூரம் போனால் ஆந்திராவின் நகரி வந்துவிடும். இரண்டு பக்கமும் அதே நெல், அதே கரும்பு, அதே மாந்தோப்பு. பெண் கொடுத்துப் பெண் எடுக்கிற ஊர்கள். ஆனால் இந்தப் பக்கத்து உழவரின் பாஸ்புக்கையும் அந்தப் பக்கத்து உழவரின் பாஸ்புக்கையும் சேர்த்து வைத்துப் பார்த்தால் கணக்கு ஒன்றாக இருக்காது.

ஒன்றிய அரசின் பிஎம் கிசான் தொகை ஆண்டுக்கு 6,000 ரூபாய் இரண்டு பக்கமும் உண்டு. ஆந்திரா 2019ல் ரைத்து பரோசா என்று தன் பணத்தையும் சேர்த்து அதை 13,500 ஆக்கியது. 2025 ஆகஸ்டில் தொடங்கிய அன்னதாதா சுகீபவ திட்டத்தில் மாநிலம் 14,000 போட்டு மொத்தம் 20,000. நம்ம பக்கம் அப்படிச் சேர்த்துத் தருவது இல்லை. அதற்குப் பதில் நெல்லுக்கும் கரும்புக்கும் மாநில ஊக்கத்தொகை வருகிறது.

எது பெரிசு என்று சண்டை போட இந்தப் பாடம் இல்லை. ஏன் இப்படி வேறுபடுகிறது, எந்த முடிவை யார் எடுக்கிறார்கள் என்று தெரிந்தால்தான் நம்ம மனு சரியான கதவுக்குப் போகும். இல்லாவிட்டால் ஆட்சியரிடம் கேட்க வேண்டியதை டெல்லியிடமும், டெல்லியிடம் கேட்க வேண்டியதை ஆட்சியரிடமும் கேட்டுக்கொண்டே இருப்போம்.

கோடு வந்த கதை

1953 அக்டோபர் 1ல் ஆந்திர மாநிலம் பிறந்தபோது திருத்தணி சித்தூர் மாவட்டத்தோடு அந்தப் பக்கம் போனது. ம.பொ.சி.யும் மங்கலங்கிழாரும் மற்றவர்களும் நடத்திய வடக்கெல்லைப் போராட்டத்தின் பின் படாஸ்கர் தீர்ப்பு வந்தது. 1959ல் நாடாளுமன்றம் எல்லை மாற்றச் சட்டம் போட்டு, 1960 ஏப்ரல் 1 முதல் திருத்தணி தமிழகத்தோடு சேர்ந்தது.

அன்றைக்கு ஏரியும் மண்ணும் இருந்த இடத்தில்தான் இருந்தன. நிலவரி கட்டுற அலுவலகமும், சட்டம் போடுற சட்டமன்றமும், விவசாயத்துக்குப் பணம் ஒதுக்குற கஜானாவும் மாறின. கூட்டாட்சி என்றால் நமக்கு நேரடியாகப் படுவது இதுதான். மாநில எல்லையை மாற்றும் அதிகாரம் நாடாளுமன்றத்திடம் இருக்கிறது என்பதையும் சேர்த்துக் குறித்துக்கொள்ளுங்கள்.

மூன்று பட்டியல்

அரசியல் சட்டத்தின் ஏழாவது அட்டவணையில் மூன்று பட்டியல்கள் உள்ளன.

மாநிலப் பட்டியல்: வேளாண்மை, நிலம், தண்ணீர், சந்தை, நிலவரி, வேளாண் வருமான வரி.

ஒன்றியப் பட்டியல்: ஏற்றுமதி, இறக்குமதி, மாநிலங்களுக்கு இடையிலான வணிகம், வேளாண்மை அல்லாத வருமானத்துக்கான வரி, சுங்கம். மாநிலம் விட்டு மாநிலம் ஓடும் ஆறுகளிலும் ஒன்றியத்துக்கு அதிகாரம் உண்டு.

பொதுப் பட்டியல்: உணவுப் பொருள் வணிகம், விலைக் கட்டுப்பாடு போன்றவை. இருவரும் சட்டம் போடலாம். முரண்பட்டால் பொதுவாக ஒன்றியச் சட்டமே நிற்கும். 2020ல் வந்த வேளாண் சட்டங்கள் இந்த வாசல் வழியாகத்தான் வந்தன. வேளாண்மையும் சந்தையும் மாநிலத்துக்குரியது என்று நாம் சொன்னபோது, உணவுப் பொருள் வணிகம் பொதுப் பட்டியலில் இருக்கிறது என்று அவர்கள் சொன்னார்கள். உழவர்கள் ஓராண்டுக்கு மேல் டெல்லி எல்லையில் உட்கார்ந்த பிறகு 2021ல் அவை திரும்பப் பெறப்பட்டன.

பட்டியல்களைப் பார்த்தாலே ஒன்று புரியும். விவசாயத்தைப் பார்த்துக்கொள்ளும் வேலை மாநிலத்துக்கு. பெரிய வரிகளை வசூலிக்கும் பை ஒன்றியத்துக்கு.

கரும்பிலும் நெல்லிலும்

2024-25 அரவைப் பருவக் கணக்கைப் பாருங்கள். 9.5 விழுக்காடு பிழிதிறனுக்கு ஒன்றிய அரசு வைத்த விலை டன்னுக்கு 3,151 ரூபாய். தமிழ்நாடு அறிவித்த சிறப்பு ஊக்கத்தொகை 349. மொத்தம் 3,500. திருவாலங்காட்டில் இருக்கிற திருத்தணி கூட்டுறவு சர்க்கரை ஆலைக்கு வண்டி ஓட்டுகிறவருக்கு இது ஒரே விலையாகத் தெரியும். உள்ளே இரண்டு அரசுகளின் முடிவு இருக்கிறது. 3,151 குறைவு என்றால் டெல்லியைக் கேட்க வேண்டும். 349 போதாது என்றால் சென்னையைக் கேட்க வேண்டும்.

நெல்லும் இப்படித்தான். 2025-26ல் ஆதரவு விலை குவிண்டாலுக்குப் பொது ரகம் 2,369, சன்ன ரகம் 2,389. மாநிலம் 131ம் 156ம் சேர்த்து 2,500, 2,545 ஆக்கியது.

மாநிலம் இஷ்டப்பட்ட அளவுக்குச் சேர்த்துத் தரலாமே என்று கேட்கலாம். அதற்கும் ஒரு கடிவாளம் உண்டு. ஆதரவு விலைக்கு மேல் போனஸ் தரும் மாநிலத்தில், ரேஷன் தேவைக்கு மேல் வாங்கும் தானியத்தை மத்தியத் தொகுப்புக்கு எடுப்பதில்லை என்று 2014ல் ஒன்றிய அரசு முடிவு செய்தது. தமிழ்நாட்டில் வாங்கும் நெல் பெரும்பாலும் நம்ம ரேஷன் கடைக்கே போவதால் அடி அவ்வளவாகத் தெரியவில்லை. நெல் மிச்சப்படும் சத்தீஸ்கருக்கு அது பெரிய சிக்கல். அவர்கள் 2020ல் போனஸ் என்ற பேரையே விட்டுவிட்டு, ஏக்கர் கணக்கில் இடுபொருள் உதவி என்று கொடுத்தார்கள். சட்டத்தில் மாநிலத்துக்கு இருக்கும் உரிமையை, பணம் தரும் கை நிபந்தனை போட்டுச் சுருக்க முடியும் என்பதற்கு இது சான்று.

மாங்காய் வண்டி நின்றபோது

மாநிலமும் தவறாக நடக்கலாம். 2025 ஜூனில் பெங்களூரா மாங்காய் விலை விழுந்தது. ஆந்திரா தன் உழவருக்கு ஆலை கிலோவுக்கு 8 ரூபாய், அரசு 4 ரூபாய் என்று ஏற்பாடு செய்தது. நல்ல காரியம். கூடவே, வெளி மாநில மாங்காய் உள்ளே வரக்கூடாது என்று சித்தூர் மாவட்ட நிர்வாகம் தடுத்தது. கோலார் சீனிவாசப்பூர் பக்கத்து கர்நாடக உழவர்கள் தவித்துப் போனார்கள். கர்நாடக முதலமைச்சர் ஆந்திர முதலமைச்சருக்குக் கடிதம் எழுத வேண்டி வந்தது.

நாடு முழுக்க வணிகம் தடையின்றி நடக்க வேண்டும் என்கிறது அரசியல் சட்டத்தின் 301வது பிரிவு. எல்லையில் இருக்கும் நமக்கு இது காகிதச் சமாசாரம் இல்லை. தன் உழவரைக் காக்க மாநிலத்துக்கு அதிகாரம் வேண்டும். பக்கத்து மாநில உழவர் வயிற்றில் அடிக்காமலிருக்க மேலே ஒரு நடுவரும் வேண்டும். இரண்டும் சேர்ந்ததுதான் கூட்டாட்சி.

டீசலில் போகும் வரி

ஒன்றியம் வசூலிக்கும் வரியை மாநிலங்களோடு பகிர நிதிக்குழு இருக்கிறது. 15வது நிதிக்குழு, 2021 முதல் 2026 வரை, பகிரத்தக்க வரியில் 41 விழுக்காடு மாநிலங்களுக்கு என்றது. ஆனால் செஸ், மேல்வரி இரண்டும் பகிரத்தக்க வரியில் சேராது.

2021 பிப்ரவரி பட்ஜெட்டுக்குப் பின் ஒரு லிட்டர் டீசலில் ஒன்றிய வரி 31 ரூபாய் 80 காசு. அதில் மாநிலங்களோடு பகிரும் அடிப்படை வரி 1 ரூபாய் 80 காசுதான். மீதி 30 ரூபாயும் செஸ், சிறப்பு வரிகள். அந்த முப்பதில் 4 ரூபாய்க்குப் பெயர் "வேளாண் கட்டமைப்பு மற்றும் மேம்பாட்டு செஸ்". வேளாண்மை மாநிலத்தின் வேலை. வேளாண்மை பேரைச் சொல்லி டிராக்டர் டீசலில் எடுத்த காசில் மாநிலத்துக்குப் பங்கு இல்லை. பிறகு வரி ஏறி இறங்கியது, ஆனால் இந்த அமைப்பு அப்படியே இருக்கிறது. மாநிலமும் தன் பங்குக்கு டீசலுக்கு வாட் போடுகிறது என்பதையும் மறைக்கக் கூடாது.

15வது நிதிக்குழு காலத்தில் பகிரும் தொகையில் தமிழ்நாட்டின் பங்கு 4.079 விழுக்காடாக இருந்தது. 12வது நிதிக்குழு காலத்தில் அது 5.305. 2011 கணக்கெடுப்பில் நாட்டு மக்களில் நாம் ஏறக்குறைய 6 விழுக்காடு. இங்கே ஒரு நிதானம் வேண்டும். 15வது நிதிக்குழுவின் பங்கு பிரிப்பில் 45 விழுக்காடு எடை வருமான இடைவெளிக்கு, அதாவது ஏழை மாநிலத்துக்குக் கூடுதல். பீகார் உழவரும் உழவர்தான். அவருக்குப் போவதை நாம் எதிர்க்கக் கூடாது. எந்த மாநிலத்துக்கும் பகிராத செஸ் வளர்ந்துகொண்டே போவதைத்தான் எல்லா மாநில உழவரும் சேர்ந்து கேட்க வேண்டும்.

ஜிஎஸ்டியிலும் இதே எடைக் கணக்கு. மாப்பிள்ளைச் சம்பா அரிசியைச் சில்லறையாக அளந்து கொடுத்தால் வரி இல்லை. ஜிஎஸ்டி பதிவுள்ள நம்ம உற்பத்தியாளர் நிறுவனம் 25 கிலோ வரையிலான பையில் அடைத்து லேபிள் ஒட்டினால் 2022 ஜூலை 18 முதல் 5 விழுக்காடு. முடிவு எடுப்பது ஜிஎஸ்டி மன்றம். அங்கே ஒன்றியத்துக்கு மூன்றில் ஒரு பங்கு ஓட்டு, எல்லா மாநிலத்துக்கும் சேர்த்து மூன்றில் இரண்டு. முடிவுக்கு நான்கில் மூன்று பங்கு வேண்டும். மாநிலங்கள் எல்லாம் ஒன்று சேர்ந்தாலும் ஒன்றியம் வேண்டாம் என்றால் நடக்காது.

இயற்கை வேளாண்மைக்கு இதில் என்ன

ஆந்திரா 2016ல் இயற்கை வேளாண்மையை மாநிலத் திட்டமாகத் தொடங்கியது. தமிழ்நாடு 2023 மார்ச்சில் அங்கக வேளாண்மைக் கொள்கை வெளியிட்டது. மாநிலப் பட்டியலில் வேளாண்மை இருப்பதால் இதற்கு யாரிடமும் அனுமதி கேட்க வேண்டியதில்லை.

ஆனால் 45 கிலோ யூரியா மூட்டையை 266 ரூபாய் 50 காசுக்கு வைத்திருப்பது ஒன்றிய மானியம். 2024-25 பட்ஜெட்டில் உர மானியத்துக்கு சுமார் 1.64 லட்சம் கோடி. 2024 நவம்பரில் ஒப்புதல் பெற்ற தேசிய இயற்கை வேளாண் இயக்கத்துக்கு மொத்தம் 2,481 கோடி. அதிலும் 897 கோடி மாநிலங்கள் போட வேண்டியது. ரசாயன உரத்துக்கு நூறு ரூபாய் என்றால் நமக்கு ஒன்றரை ரூபாய். கொள்கை சென்னையில் எழுதினாலும் தராசு டெல்லியில் சாய்கிறது.

இதற்குள் நமக்கு ஒரு பிடி இருக்கிறது. 2023 ஜூனில் வந்த பிஎம் பிரணாம் திட்டப்படி, முந்தைய மூன்று ஆண்டு சராசரியை விட ரசாயன உரப் பயன்பாட்டைக் குறைக்கும் மாநிலத்துக்கு, மிச்சமாகும் மானியத்தில் பாதி தரப்பட வேண்டும். நீங்கள் வாங்காமல் விட்ட ஒவ்வொரு மூட்டைக்கும் மாநிலத்துக்கு ஒரு உரிமை பிறக்கிறது. அது மண்புழு உரக் கொட்டகையாகவும் கன அமிர்தம் செய்யும் குழுவுக்கு உதவியாகவும் நம்ம ஊருக்குத் திரும்ப வேண்டும் என்று கேட்பது நம்ம வேலை.

கூடிப் பேச

1. உங்கள் ஊரின் ஐந்து கோரிக்கைகளை எழுதுங்கள். ஒவ்வொன்றுக்கும் எதிரே ஒன்றியம், மாநிலம், இருவரும், ஊராட்சி என்று குறியுங்கள்.

2. மூன்று ஆண்டுகளில் உங்கள் ஊர் எத்தனை மூட்டை யூரியா குறைத்தது? கூட்டுறவுச் சங்க விற்பனைக் கணக்கைக் கேட்டு எழுதி, கிராம சபையில் தீர்மானமாக வையுங்கள். அடுத்த மாதக் குறைதீர் கூட்டத்தில் ஆட்சியரிடம் கொடுத்து, வேளாண் துறைக்கு அனுப்பச் சொல்லுங்கள்.

3. "வேளாண் பேரில் எடுக்கும் செஸ்ஸில் மாநிலத்துக்குப் பங்கு வேண்டும்" என்ற கோரிக்கை நாடாளுமன்ற உறுப்பினருக்குப் போக வேண்டும். நகரிப் பக்கத்து உழவர்களையும் கூப்பிட்டு இதை ஒரே மனுவாக, இரண்டு மொழியிலும் எழுத முடியுமா என்று பேசுங்கள்.