கசிவு கற்பித்த பாடம்

மாணவர்களே! பாலிதீன் பையை அறியாதவர் உங்களில் எவரும் இரார். ஆனால், தொழில்முறையில் பாலிதீன் உருவான வரலாற்றில் ஒரு வாயுக் கசிவுக்கும் பங்குண்டு என்பதை அறிவீர்களா?

இங்கிலாந்தில் நார்த்விச் நகருக்கு அருகிலுள்ளது வின்னிங்டன். அங்கே ஐ.சி.ஐ. என்ற வேதித்தொழில் நிறுவனத்தின் ஆராய்ச்சிக்கூடம் இருந்தது. மிக உயர்ந்த அழுத்தத்தில் வேதிப்பொருள்கள் எவ்வாறு வினைபுரிகின்றன என்பதை அங்கு ஆராய்ந்து வந்தனர்.

1933 மார்ச்சில் எரிக் ஃபாசெட், ரெஜினால்டு கிப்சன் என்ற இருவர் எத்திலீன் வாயுவையும் பென்சால்டிஹைடு என்ற திரவத்தையும் எஃகுக் கலத்தில் அடைத்து, 170 டிகிரி செல்சியசில் சுமார் 1,900 வளிமண்டல அழுத்தத்திற்கு உட்படுத்தினார்கள். இது எவ்வளவு பெரிய அழுத்தம் தெரியுமா? உங்கள் விரல் நகம் அளவான ஒரு சதுர சென்டிமீட்டர் பரப்பில் ஏறக்குறைய 2 டன் எடையை ஏற்றுவதற்குச் சமம்!

அவ்விரு பொருள்களும் ஒன்றோடொன்று சேரும் என எதிர்பார்த்தனர், சேரவில்லை. மாறாக, மெழுகு போன்ற வெண்ணிறப் பொருள் சிறிதளவு கிடைத்தது. எத்திலீன் மூலக்கூறுகள் சங்கிலிக் கண்ணிகளைப் போல் தமக்குள் இணைந்து உண்டானதே அப்பொருள். அதுவே பாலிதீன். மறுபடி முயன்றபோதோ எத்திலீன் வெடித்துச் சிதைந்தது. ஆகவே, சோதனை கைவிடப்பட்டது.

1935 டிசம்பரில் மைக்கேல் பெரின் குழுவினர் மேம்பட்ட கருவிகளுடன் மீண்டும் முயன்றனர். கலத்தில் அழுத்தம் குறையக் குறைய, மேலும் எத்திலீனைச் செலுத்தினர். முடிவில் சுமார் 8 கிராம் வெண்பொடி கிடைத்தது. ஆனால் கணக்கு ஒத்துவரவில்லை. அழுத்தம் குறைந்த அளவுக்கு இந்த 8 கிராம் ஈடாகாது. எங்கோ வாயு கசிந்திருக்கிறது!

ஆராய்ந்தபோது உண்மை விளங்கியது. கசிவை ஈடுசெய்யச் செலுத்திய புதிய எத்திலீனில் தற்செயலாகச் சிறிது ஆக்சிஜன் கலந்திருந்தது. அதுவே சங்கிலி வினையைத் தொடங்கி வைத்தது. ஆக்சிஜன் மிகுந்தால் வெடிப்பு. அளவோடு இருந்தால் பாலிதீன்!

1939 செப்டம்பர் 1 அன்று தொழிற்சாலை உற்பத்தி தொடங்கியது. அன்றுதான் ஜெர்மனி போலந்தின் மீது படையெடுத்தது. உயர் அதிர்வெண் மின்னோட்டத்தைக் கடத்தும் கம்பிகளுக்குப் பாலிதீன் சிறந்த காப்புறை. ஆதலால், விமானங்களில் ரேடார் கருவியைப் பொருத்த அது பெரிதும் உதவியது.

உங்கள் பள்ளிச் சோதனையிலும் சில வேளை அளவீடு கணக்கோடு ஒத்துவராது. உடனே அதை அழித்து, புத்தகத்திலுள்ள விடையை எழுதிவிடாதீர்கள். ஏன் ஒத்துவரவில்லை என்று தேடுங்கள். வின்னிங்டனில் செய்ததும் அதுவே.