பாடம் 7: தெருவில் பிறந்த திரைப்படம்

மாணவர்களே! இரண்டாம் உலகப் போர் முடிவுற்றபோது இத்தாலி சிதைந்து கிடந்தது. உரோம் நகரின் சினேசித்தா படப்பிடிப்பு வளாகம் அகதிகளின் புகலிடமாயிற்று. ஆகவே, இயக்குநர்கள் படக்கருவியுடன் தெருவுக்கு வந்தனர். எளிய மக்களையும் நடிக்கச் செய்தனர். 1945இல் ரோசலினி இயக்கிய ‘ரோம், திறந்த நகரம்’ அவ்வழியைத் தொடங்கிவைத்தது. இப்போக்கே நவயதார்த்தவாதம் எனப்பட்டது.

1948இல் விட்டோரியோ டி சிகா ‘சைக்கிள் திருடர்கள்’ படத்தை இயக்கினார். அந்தோனியோவுக்குச் சுவரொட்டி ஒட்டும் வேலை கிடைக்கிறது. அதற்கு மிதிவண்டி இன்றியமையாதது. மனைவி படுக்கை விரிப்புகளை அடகு வைத்து அதனை மீட்டுத் தருகிறாள். முதல் நாளே அது களவு போகிறது. மகன் புரூனோவுடன் நகரெங்கும் தேடியலைந்த தந்தை, இறுதியில் தாமே ஒரு மிதிவண்டியைத் திருட முயன்று பிடிபடுகிறார். கூனிக் குறுகி நடக்கும் அவர் கையை மகன் பற்றிக்கொள்கிறான். தந்தையாக நடித்தவர் உண்மையில் ஓர் ஆலைத் தொழிலாளி.

1950இல் இப்படத்தை இலண்டனில் கண்ட சத்யஜித் ராய், 1955இல் ‘பதேர் பாஞ்சாலி’யைப் படைத்தார்.

அருஞ்சொற்பொருள்: களவு – திருட்டு; இன்றியமையாதது – இல்லாமல் முடியாதது.

சிந்தித்து எழுதுக: அந்தோனியோவைத் திருடன் எனலாமா? புரூனோ கையைப் பற்றியதன் பொருள் யாது?