விளையாட்டில் ஒரு விரற்பயிற்சி

விளையாட்டு வினையாகும் என்பர் பெரியோர். விளையாட்டே பாடமாவதும் உண்டு; அதற்கு ஒரு சான்று காட்ட விழைகிறேன்.

'டக்ஸ் டைப்பிங்' என்பது தட்டச்சு கற்பிக்கும் கணிப்பொறி விளையாட்டு. விலையின்றிக் கிடைக்கும் கட்டற்ற மென்பொருள். லினக்சின் சின்னமாகிய பென்குயின் பறவையே இதன் நாயகன். திரையின் உச்சியிலிருந்து மீன்கள் விழுகின்றன. ஒவ்வொரு மீனின் மேலும் எழுத்தோ சொல்லோ இருக்கும். தரையைத் தொடுமுன் அதைச் சரியாகத் தட்டினால் பறவை ஓடிச்சென்று மீனை விழுங்கும். தவறினால் மீன் வீண். மற்றோர் ஆட்டத்தில் நகரங்களின்மேல் பாயும் வால்மீன்களை எழுத்தால் சுட்டு வீழ்த்தவேண்டும்.

இதனால் பயன் என்ன? செய்த தவறு அக்கணமே தெரிகிறது. காலக்கெடுவும் கண்முன் நிற்கிறது. சலிப்பூட்டும் பயிற்சி ஆவலூட்டும் ஆட்டமாகிறது.

ஆனால் ஒரு குறை உண்டு. எந்த எழுத்துத் தட்டப்பட்டது என்பதைப் பொறி அறியும். எந்த விரல் தட்டியது என்பதை அறியாது. இரண்டே விரல்களால் ஒரு மாதம் மீன் பிடித்தேன். ஆட்டத்தில் வென்றேன்; பழக்கம் திருந்தவில்லை. பிறகு கைகளின்மேல் ஒரு துண்டைப் போர்த்திக்கொண்டு ஆடினேன். முதல்நாள் பறவை பட்டினி. எஃப், ஜே விசைகளிலுள்ள சிறு மேடுகளே ஆள்காட்டி விரல்களுக்கு வழிகாட்டி என்பது அன்றுதான் புரிந்தது. 1888-இல் சின்சினாட்டி நகரப் போட்டியில் ஃபிராங்க் மெக்கரின் வென்றதும் விசைகளைப் பாராமல் அடித்தே.

இனித் தமிழுக்கு வருவோம். 1999-இல் தமிழக அரசு ஏற்ற 'தமிழ்99' விசைப்பலகையில் உயிரெழுத்துகள் இடப்புறம். மெய்கள் பெரும்பாலும் வலப்புறம். ஆகவே இரு கைகளும் உழைப்பைப் பங்கிட்டுக்கொள்கின்றன. மேடுள்ள இடக்கை விசையில் புள்ளி. வலக்கை விசையில் பகரம். ககரத்தை இருமுறை தட்டினால் முதற் ககரத்தின்மேல் புள்ளி தானே விழும். 'பக்கம்' என்பதற்கு ப, க, க, ம, புள்ளி என ஐந்தே தட்டு. ஆங்கில எழுத்திலோ ஆறு.

ஈராண்டாக அம்மாவுக்குத் தமிழை ஆங்கில எழுத்தில் எழுதி அனுப்பி வந்தேன். அம்மாவுக்கு அவ்வெழுத்துத் தெரியாது. தங்கை படித்துக் காட்டவேண்டும். தங்கை அறியாமல் அம்மாவிடம் சொல்ல எனக்கும் சில செய்திகள் உண்டு அன்றோ! சென்ற மாதம் தமிழிலேயே நான்கு வரி அடித்தேன். நாற்பது நிமிடம் ஆயிற்று. அம்மா தாமே படித்தார்கள்.

நண்பர்களே! நாளும் கால்மணி நேரம் ஒதுக்குங்கள். துண்டை மறவாதீர்கள்.